நேட்டிவ் எது?

முதல் செமஸ்டரில் எல்லோரும் கேட்பது, "உனக்கு நேட்டிவ் எது?" எனக்கு ஒரு வார்த்தையில் பதில் வராது. 1964-ல் பர்மாவில் கடைகளை அரசாங்கமே எடுத்துக்கொண்டபோது, ரங்கூனில் பிறந்த என் பாட்டி 11 வயதில் கப்பலேறி மெட்ராஸ் வந்தவர். அங்கே 'கலா' என்றார்கள், இங்கே 'பர்மாக்காரங்க'.

சேலையூரில் எங்கள் தெருவில் திபெத்திய மாணவர்கள் சிலர் வாடகைக்கு இருக்கிறார்கள். அதில் ஒருவர் கர்நாடகத்து பைலகுப்பே அகதிக் குடியிருப்பில் பிறந்தவர். கன்னடம் தண்ணி பட்ட பாடு! தாத்தா எல்லை தாண்டியது 1959-ல். பேரன் இன்னும் அயல்நாட்டவர் பதிவுச் சான்றோடு அலைகிறார். 2019 அக்டோபரில் சீன அதிபர் மாமல்லபுரம் வந்தபோது, இதே சேலையூரில் திபெத்திய மாணவர்களைப் போலீஸ் பிடித்தது. (படிக்க வந்த பிள்ளைகள் என்ன செய்துவிடுவார்களாம்?)

லோசருக்கு, அதாவது அவர்கள் புத்தாண்டுக்கு, என்னைக் கூப்பிட்டார்கள். புத்தர் படத்துக்கு முன்னால் விளக்கு. என் கழுத்தில் வெள்ளைத் துண்டு. அதே நேட்டிவ் கேள்வி. கப்பல் வரைக்கும் முழுக்கதையும் சொன்னேன். "சரி, நிஜமான ஊர்?" என்று ஒருத்தரும் திருப்பிக் கேட்கவில்லை.

அவர்கள் தந்த கப்சே பலகாரத்தைப் பாட்டியிடம் நீட்டினேன். கடித்துக்கொண்டே, சின்ன வயதில் ஷ்வேடகோன் பகோடாவில் விளக்கு பார்த்த கதையை ஆரம்பித்துவிட்டார். பிறகு, "அந்தப் புள்ளைங்கள ஞாயித்துக்கிழமை கூட்டிட்டு வாடா, அத்தோ பண்றேன்" என்றார்.