செட்டிப்பூசத்து ரோடு

கெடாவின் யான் ஊரில் ஒரு பக்கம் ஜெராய் மலை, மறுபக்கம் கடல், நடுவே நெல் வயல். பால்மரத் தோட்டங்கள் குரூண், சுங்கைப்பட்டாணிப் பக்கம்தான் அதிகம். தைப்பூசம் என்றால் இந்த ஊர் ஜனங்கள் பலருக்கும் போக்கிடம் பினாங்குத் தண்ணீர்மலை முருகன் கோவில். 1985-இல் பாலம் திறக்கும்வரை பட்டர்வொர்த்தில் பெரி ஏறித்தான் போகவேண்டும்.

பூசத்துக்கு முதல் நாளைச் செட்டிப்பூசம் என்போம். 1894-இல் நகரத்தார் செட்டியார்கள் கப்பலில் வரவழைத்த வெள்ளித் தேர், விடியுமுன் பினாங்கு ஸ்திரீட் கோவில் வீட்டிலிருந்து கிளம்பும். இழுப்பவை மாடுகள். தேருக்கு முன்னால் ரோட்டில் தேங்காய் குவிந்திருக்கும். சீனர்கள் ஊதுபத்தியோடு நின்று, கையோயும்வரை உடைப்பார்கள். சில்லு கணுக்காலில் தெறிக்கும். செருப்பில்லாதவன் பாடு திண்டாட்டம். வெயில் ஏறியதும் இளநீர் புளித்து நாறும். பந்தலுக்குப் பந்தல் அலறும் ஒலிபெருக்கிக்கு அந்த நாற்றமே தேவலை.

தோட்டத்து ஜனங்கள் ஏன் இப்படி விழுந்தடித்துப் போனார்கள்? பக்திதான், சந்தேகமில்லை. ஆனால் லயத்து வரிசை வீடு தோட்டத் துரையுடையது, வாசலில் ஓடும் செம்மண் ரோடும் துரையுடையது. பிரட்டு என்னும் ஆள்கணக்குக்கு நின்ற கால்கள் பட்டணத்துத் தார் ரோட்டை அடைத்துக்கொண்டு நடக்க, போலீஸ்காரர் வண்டிகளை மறித்து வழிவிட்டது அந்த ஒரு நாளில்தான். தேர் செட்டியாருடையது, ரோடு இவர்களுடையது.

இப்படி ரோட்டைச் சொந்தமாக்கிக்கொள்ளும் விழா நியூயார்க்கின் புரூக்ளினிலும் உண்டு. நோலாவிலிருந்து குடியேறிய இத்தாலியர்கள் 1903 முதல் ஜூலையில் 'ஜிலியோ' தூக்குகிறார்கள். பல மாடி உயரக் கோபுரம், உச்சியில் நோலாவின் புனித பவுலினுஸ் சிலை, அடிமேடையில் வாத்தியக்காரர்கள். அத்தனையும் நூற்றுச் சொச்சம் பேரின் தோளில். மாடு பூட்டிய நமக்கு இது கொஞ்சம் கூடுதல் முரட்டுத்தனம்தான். வாடகை ஏறி அந்தப் பேட்டையை விட்டுப் போன குடும்பங்கள், தூக்குவதற்கென்றே திரும்பி வருகின்றன.

இங்கேயும் குடும்பங்கள் சிதறின: தோட்டங்கள் துண்டாடப்பட்டன, செம்பனை வந்தது, பிள்ளைகள் தாமான் என்னும் வீடமைப்புப் பகுதிகளுக்கும் பினாங்குத் தொழிற்சாலைகளுக்கும் போய்விட்டார்கள். 2017-இல் தங்கத் தேரும் சேர்ந்துகொண்டது. வெள்ளியா தங்கமா என்று வீட்டுக்கு வீடு வழக்கு. என் ஓட்டு வெள்ளிக்கு.

தண்ணீர்ப்பந்தலில் மோர் வாங்கிக் குடிக்கும் பையனிடம் யாராவது ஒரு கிழவி கேட்பாள்: "எந்தத் தோட்டம்பா நீ?" தாமானில் பிறந்தவன் தாத்தாவின் தோட்டத்துப் பெயரைச் சொல்வான். அந்தத் தோட்டம் வீடமைப்புப் பகுதியாகி வருடங்கள் ஆகியிருக்கும். கிழவி விடமாட்டாள்: "மேல் லயமா, கீழ் லயமா?"