ஆற்றங்கரையில் எழுதும் மகஜர்

“பிடிச்ச லாரியை ஏன் சார் விட்டுட்டீங்க?” காவிரிக் கரையில் வருவாய் ஆய்வாளராகச் சேர்ந்து, வட்டாட்சியராக ஓய்வுபெற்றவரை டீக்கடையில்கூட இந்தக் கேள்வி விடுவதில்லை. காசு வாங்கியிருப்பார் என்கிற சந்தேகமும் அதற்குள் இருக்கிறது. அதுதான் அவருக்குச் சுடுகிறது.

வண்டியைக் கைப்பற்றுவது வரைதான் அவர் அதிகாரம். 1957-ஆம் ஆண்டின் கனிமச் சட்டம் 21(4)-இல் அதைத் தருகிறது. நிரந்தரமாகப் பறிமுதல் செய்வது 21(4-ஏ)-இன்படி நீதிமன்றத்தின் வேலை. அதற்கும் 22-ஆம் பிரிவில் எழுத்துப்பூர்வமான புகார் போயிருக்க வேண்டும். ஆட்சியரே நினைத்தாலும் அந்த லாரியை ஏலம் போட முடியாது. இதற்கிடையில் உரிமையாளர், 2024 ஜூலை வரை அமலில் இருந்த குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 451-ஆம் பிரிவில், வண்டியைத் திரும்பக் கேட்டு மனுப் போட்டுவிடுவார். கைப்பற்றிய வண்டிகளைக் காவல் நிலையத்தில் கிடந்து துருப்பிடிக்க விடக்கூடாது என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. மணல் லாரிக்காகப் பேசும் வக்கீல்களுக்கு அந்தத் தீர்ப்பு மனப்பாடம்.

அவர்களுக்குப் பதில் சொல்ல அரசுத் தரப்பிடம் இருப்பது, வண்டியைப் பிடித்த இடத்திலேயே சாட்சிகளோடு எழுதும் மகஜர் ஒன்றுதான்.

மகஜர் எழுத அவருக்குச் சொல்லிக்கொடுத்தவர் காவல் நிலைய ரைட்டர் ஏட்டு ஒருவர். கறாரான மனிதர். ‘மணல் ஏற்றிய லாரி’ என்று இவர் எழுதிய தாளைக் கண்ணெதிரே கிழித்துப் போட்டார். “எந்த மணல் தம்பி? சவுடா, ஏரி மண்ணா, ஆத்து மணலா? நாளைக்குக் கூண்டுல நிக்கறப்ப வக்கீல் கேப்பாரு, என்ன சொல்லுவீங்க?” மணல் ஈரமா, பின்கதவு இடுக்கில் தண்ணீர் சொட்டுகிறதா, டயர் தடம் எந்தப் புல எண்ணிலிருந்து கரையேறுகிறது, நடைச்சீட்டு இருந்தால் அதில் எத்தனை மணி என்று போட்டிருக்கிறது, எல்லாம் அந்த இடத்திலேயே எழுதியாக வேண்டும். ‘சுமார் மூன்று யூனிட்’ என்றால் ஏட்டுக்குக் கோபம் வரும். டேப்பைப் பிடித்து அளக்கச் சொல்வார். பதினான்கு அடி நீளம், ஏழு அடி அகலம், மூன்று அடி உயரம் என்றால் 294 கன அடி. அதை அப்படியே எழுத வேண்டும்.

நம்பர் பிளேட்டை அவர் நம்பவே மாட்டார். லாரிக்கடியில் குனிந்து, சேஸிஸில் அப்பிய சேற்றைத் துணியால் துடைத்து, எண்ணின் மேல் வெள்ளைத்தாளை ஒட்ட வைத்துப் பென்சிலால் தேய்க்கச் சொல்வார். டார்ச்சை வாயில் கவ்விக்கொண்டு தேய்க்கத் தேய்க்க, எண்கள் ஒவ்வொன்றாகத் தாளில் எழும். பிறகு வேறொரு லாரியைக் கொண்டுவந்து காட்டி ஏமாற்ற முடியாது. சாட்சிக் கையெழுத்துதான் கடைசிவரை பெரும்பாடு. அதே ஊரில் குடியிருப்பவர் நள்ளிரவில் மணல்காரருக்கு எதிராகக் கையெழுத்துப் போட எளிதில் வருவாரா?

மணல் அள்ளியதற்குக் கனிமச் சட்டத்தோடு திருட்டு வழக்கும் போடலாம் என்று 2014-இல் சஞ்சய் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. மணல் வண்டிகளை இடைக்காலமாகக்கூட விடக்கூடாது, பறிமுதல் நடவடிக்கையைத் தொடங்குங்கள் என்று 2018 அக்டோபரில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவிட்டது. இரண்டையும் வட்டாட்சியர் மனதார வரவேற்றார். ஆனால் சட்டம் வலுத்துக்கொண்டே வரும்போது மகஜர் நலிந்துகொண்டே போகிறது என்பதே அவர் ஆதங்கம். இளைய அலுவலர்களின் கைபேசியில் மாதிரி மகஜர் ஒன்று சுற்றுகிறது. வண்டி எண்ணையும் தேதியையும் மட்டும் மாற்றுகிறார்கள். பாலாற்றில் பிடித்த லாரிக்கு வெள்ளாற்றின் பெயர் இருந்த ஒரு தாளை அவரே பார்த்திருக்கிறார். கேட்டால், “ஜி.பி.எஸ். போட்டோ இருக்கே சார்” என்றார்களாம். ஏற்றியது ஆற்று மணல்தான், இன்ன புல எண்ணில் அள்ளியதுதான் என்பதைப் போட்டோ எப்படிச் சொல்லும்?

தாமிரபரணிக் கரையில், முறப்பநாட்டில், மணல் கடத்தலைப் பற்றிப் புகார் கொடுத்த கிராம நிர்வாக அலுவலர் லூர்து பிரான்சிஸை 2023 ஏப்ரலில் அவர் அலுவலகத்திலேயே வெட்டிக் கொன்றார்கள். இப்படி உயிரைக் கொடுத்துச் செய்யும் வேலையில், அரைகுறையாக எழுதிய ஒரு பக்கத்தால் லாரி உரிமையாளரிடமே திரும்பிப் போவதை அவரால் பொறுக்க முடியவில்லை. புதிதாகச் சேருபவர்களுக்கு ஒரு முழு இரவு, ஆற்றங்கரையில் நிஜ டிப்பரை நிறுத்தி, மகஜர் எழுதப் பழக்க வேண்டும் என்று மேலிடத்துக்கு எழுதிக் கொடுத்தார். ஓய்வுபெறும்வரை பதில் வரவில்லை.