வீட்டுக்குள் வந்த வெயில்

பாலு மகேந்திராவைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் 'இயற்கை ஒளி' என்ற சொல்லோடு நின்றுவிடுகிறார்கள். விளக்கே வைக்காமல் படமெடுத்தவர் என்ற எண்ணத்தை அச்சொல் தந்துவிடுகிறது. அவர் செய்தது வேறு. ஓர் அறைக்குள் ஒளி எங்கிருந்து வருவது இயல்போ, அங்கிருந்து மட்டுமே அதை வரவிட்டார். சன்னல் இடப்புறம் இருந்தால் முகத்தின் வலப்புறம் இருளில் கிடக்கட்டும் என்று விடும் துணிவு அது. நாயகியின் முகத்தில் நிழல் விழலாகாது என்பதோ கோடம்பாக்கத்துப் படப்பிடிப்புத் தளங்களில் நெடுங்காலம் எழுதப்படாத விதியாக இருந்தது.

1939இல் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்த அவர், பூனா திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று 1969இல் வெளிவந்தார். ராமு காரியாட்டின் 'நெல்லு' (1974) மலையாளத்தில் அவரை அடையாளம் காட்டியது. தாமே இயக்கிய கன்னடப் படமான 'கோகிலா'வுக்கும் (1977), பின்னர் 'மூன்றாம் பிறை'க்கும் (1982) ஒளிப்பதிவுக்கான தேசிய விருது பெற்றார். முன்னது கறுப்பு வெள்ளை, பின்னது வண்ணம். இடையில் மகேந்திரனின் 'முள்ளும் மலரும்' (1978) வந்தது. மணிரத்னத்தின் முதல் படமான 'பல்லவி அனுபல்லவி'க்கும் (1983) அவரே ஒளிப்பதிவாளர்.

'மூன்றாம் பிறை'யின் ஊட்டிப் பனிமூட்டத்தை வியக்கிறவர்கள் பலர். என் தேர்வு 'வீடு' (1988). பாடல்களற்ற அப்படத்தில் கண்ணைக் கவர எதுவுமில்லை. செங்கல், மணல், பூசாத சுவர், நடுத்தரக் குடும்பமொன்றின் வாடகை வீடு, அவ்வளவே.

தொண்ணூறுகளில் அதைத் தொலைக்காட்சியில் பார்த்தோம். தாம்பரத்தை அடுத்த சேலையூரில் அப்பா அப்போது வீடு கட்டிக்கொண்டிருந்தார். கடன் வாங்கிய பணம் கரைந்துபோய், தளம் போடாமல் சுவர்கள் மட்டும் நின்றன. முதியவராக வரும் சொக்கலிங்க பாகவதர், முடியாத வீட்டைத் தனியே வந்து சுற்றிப் பார்க்கும் காட்சியில் அப்பா எழுந்து வெளியே போய்விட்டார். கதைக்காக உருகுகிறவர் அல்லர் அவர். பூசாத செங்கல்மேல் முற்பகல் வெயில் எப்படி விழும் என்பதைத் தினமும் பார்த்துக்கொண்டிருந்தவர். அதே வெயில் திரையிலும் விழுந்ததை அவரால் தாங்க முடியவில்லை என்று பின்னாளில் புரிந்துகொண்டேன்.

ஒளியைக் கொண்டு நம்மிடம் இரக்கத்தைக் கேட்பது எளிது. பாலு மகேந்திரா அதைக் கேட்கவில்லை. அர்ச்சனாவின் சுதா, வீடு எழும்பிய நிலமே குடிநீர் வாரியத்துக்காகக் கையகப்படுத்தப்பட்டது என்று அறியும்போது, நாம் ஏற்கெனவே அந்த வெயிலில் அவளோடு நெடுநேரம் நின்றிருக்கிறோம். அசோகமித்திரனின் உரைநடை துயரத்தைச் சொல்லும் முறைக்கு இது வெகு அருகில் இருப்பதாக எனக்குத் தோன்றுகிறது. குரல் உயர்வதில்லை, ஆனால் எதுவும் விடுபடுவதுமில்லை.

'தலைமுறைகள்' (2013) வெளிவந்த சில மாதங்களில், 2014 பிப்ரவரி 13இல், அவர் மறைந்தார். குறைந்த ஒளியில் படமெடுப்பது இன்று கைப்பேசிக்கும் கைவந்துவிட்டது. எதை இருளில் விடுவது என்பதை மட்டும் இன்றும் மனிதர்தான் தீர்மானிக்க வேண்டியிருக்கிறது. சினிமாவில் ஆர்வமுள்ள மாணவர்களிடம் 'வீடு' படத்தின் முதல் பத்து நிமிடங்களை ஒலியை நிறுத்திவிட்டுப் பார்க்கச் சொல்வேன். ஒவ்வொரு அறையிலும் சன்னல் எந்தப் பக்கம் இருக்கிறது என்று கேட்பேன். பெரும்பாலும் சரியாகவே சொல்லிவிடுகிறார்கள்.