இட்லிப்பூவுக்கு வெயில் போதும்

சித்திரை வெயிலில் மொட்டைமாடி ரோஜாக்கள் கருகிச் சுருளும்போது, இட்லிப்பூச் செடி கொத்துக் கொத்தாகச் சிவந்து நிற்கும். தென்னிந்தியாவும் இலங்கையும் அதன் சொந்த மண். ஆநிரை கவரப் போன சங்ககால வீரர்கள் சூடிய வெட்சி இதுதான். முருகனுக்கு உகந்ததும் இதுவே. இப்பேர்ப்பட்ட செடியைப் பால்கனி நிழலில் ஒதுக்கிவிட்டுப் பூக்கவில்லையே என்கிறோம். அரை நாளாவது நேர் வெயில் படாவிட்டால் அது வெறும் இலையைத்தான் தரும்.

பலரும் தோற்பது இலை மஞ்சளாகும்போதுதான். உடனே யூரியாவை அள்ளிப் போடுகிறார்கள். எந்த இலை மஞ்சள் என்று முதலில் பார்க்க வேண்டும். அடியிலுள்ள முதிர்ந்த இலைகள் முழுதும் மஞ்சளித்தால் தழைச்சத்துக் குறைவாக இருக்கலாம். கொழுந்து வெளிறி, நரம்புகள் மட்டும் பச்சைக் கோடுகளாகத் தெரிந்தால் அது இரும்புச்சத்துக் குறை. மண்ணில் இரும்பு இருக்கும். ஆனால் உப்பேறிய போர்த் தண்ணீரும், சுவரோரம் கிடக்கும் சுண்ணாம்பும் சிமென்ட்டும் மண்ணைக் காரமாக்கிவிடுகின்றன. கார மண்ணில் இரும்பு கரையாது. சோறு எதிரே இருந்தும் கை எட்டாத பாடு அந்தச் செடிக்கு.

இதற்கு இரும்புச்சத்துத் தரும் அன்னபேதி உப்பு உரக்கடையில் கிடைக்கும். லிட்டர் தண்ணீருக்கு 5 கிராம் கரைத்து, வெயில் தாழ்ந்தபின் இலைமேல் தெளிக்க வேண்டும். மண்ணில் கொட்டினால் அதுவும் கரையாத பொருளாகி அங்கேயே தங்கிவிடும். சில நாளில், துளி பட்ட இடமெல்லாம் பச்சைப் புள்ளிகள் தோன்றும். எனக்கு அதைப் பார்ப்பதே தனி மகிழ்ச்சி. ஆனாலும் இது கைமருந்துதான். பிடித்து வைத்த மழைநீரும் மக்கிய இலை எருவும்தான் செடியை நிலையாகக் காக்கும்.

பூவைக் கையில் எடுத்துப் பாருங்கள். நான்கு இதழ், கீழே நூல்போல் நீண்ட குழல். நடுத்தண்டை மெல்ல உருவினால் நுனியில் ஒரு சொட்டுத் தேன் வரும். பள்ளிக்கூடம் போகிற வழியில் அதை நாக்கில் வைத்துப் பார்க்காத பிள்ளைகள் நம் ஊரில் குறைவு. வண்ணத்துப்பூச்சிகள் தேடி வருவதும் அந்தத் தேனுக்குத்தான். அதனால் இந்தச் செடிக்கு நான் பூச்சிமருந்தே அடிப்பதில்லை. மாவுப்பூச்சி கண்டால் தண்ணீரைப் பீய்ச்சி அடித்தாலே பெரும்பாலும் போய்விடும்.

மனம் நோகச் செய்வது பூங்காக்களிலும் அலுவலக வாசல்களிலும் நடக்கிற வெட்டுதான். இட்லிப்பூ கிளை நுனியில்தான் மொட்டு வைக்கும். சதுரமாக இருக்கட்டும் என்று மாதாமாதம் நுனியைக் கத்தரித்தால் வேலி நிற்கும், பூ நிற்காது. கொத்து வாடியபின் அதற்குக் கீழே ஒரு ஜோடி இலையோடு கிள்ளிவிட்டால், அடுத்த கணுவில் இரண்டு கிளைகள் பிரியும். ஒரு கொத்து இருந்த இடத்தில் இரண்டு கொத்து வரும். உங்கள் தெருவில் யாராவது கத்தரியோடு இந்தச் செடியருகே நின்றால் தயங்காமல் சொல்லுங்கள்: கொத்து வாடட்டும், அப்புறம் வெட்டலாம்.