எடைக்கு வந்தவை

பௌர்ணமி நாள் பிற்பகல். திருவண்ணாமலையின் செங்கம் சாலையில் அக்னி லிங்கத்தைத் தாண்டினால் வேலியோரம் ஒரு நீலத் தார்ப்பாய். காற்றில் பறக்காமலிருக்க நான்கு மூலையிலும் செங்கல். முன்வரிசையில் கிரிவல மகிமை, ரமணர் படம் போட்ட சிறு நூல்கள், வாஸ்து, ராசிபலன். பின்னால், மூட்டையிலிருந்து அப்படியே கவிழ்த்த குவியல்.

குவியல் புத்தகம் எதையும் கடைக்காரர் பிரித்துப் பார்ப்பதில்லை. உள்ளங்கையில் வைத்து ஒருமுறை ஏந்துகிறார், விலை வந்துவிடுகிறது. காயலான் கடையில் கிலோ கணக்கில் எடுத்து வருபவருக்கு அதுதான் நியாயம். வெள்ளை ஜிப்பா போட்ட வெளிநாட்டுக்காரர் பால் பிரண்டனின் ஆங்கில நூலை எடுத்தபோது மட்டும் ஏந்திப் பார்க்கவில்லை. "டூ ஹன்ட்ரட்." 1934இல் வந்த அந்தப் புத்தகத்தைப் படித்துவிட்டு ரமணரைத் தேடி இந்தச் சாலைக்கு வந்த மேல்நாட்டவர் பலர். எது ஓடும் என்று கடைக்காரருக்குத் தெரியும்.

பெரியவர் ஒருவர் குத்தவைத்துக் குவியலைக் கிளறுகிறார். சட்டைப்பையில் இரண்டு பேனா, ஒன்று சிவப்பு. கையில் கலைக்களஞ்சியத்தின் ஒற்றைத் தொகுதி. பெரியசாமித் தூரன் முதன்மை ஆசிரியராக இருந்து 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாகக் கொண்டுவந்தது. முதல் பக்கத்தில் ஏதோ பள்ளி நூலக முத்திரை, அதன் குறுக்கே ஒரு கோடு.

"மத்த பாகமெல்லாம் எங்கப்பா?"

"வந்ததே அது ஒண்ணுதான் சார்."

அடுத்து அவர் கையில் சிக்குபவை, கல்லூரிப் பாடங்களைத் தமிழில் நடத்த அரசு முனைந்த காலத்துப் பாடநூல்கள். புவியமைப்பியல், தாவரவியல், உளவியல். இப்படி நூற்றுக்கணக்கில் வந்தன. தமிழுக்காக முழங்கிய மேடைகளைவிட இந்த மங்கிய அட்டைகள் அதிகம் உழைத்தன என்பது என் கட்சி. கோட்டையூர் ரோஜா முத்தையா இருந்திருந்தால் குவியலோடு வாரிக்கொண்டு போயிருப்பார். நோட்டீசு, அழைப்பிதழைக்கூடக் கழிக்காத மனிதர். 1992இல் அவர் மறைந்தபின், சேர்த்த நூல்களெல்லாம் சிதறிவிடாமல் சிகாகோ பல்கலைக்கழகத்தின் முயற்சியால் சென்னையில் ஆராய்ச்சி நூலகமாயின. எல்லா வீட்டுப் பரணுக்கும் அந்த யோகம் வாய்க்குமா?

வெறுங்காலோடு ஒரு பாட்டி, கூடப் பேத்தி. பதினான்கு கிலோமீட்டர் கிரிவலம் நடக்க வந்த பேத்தி இங்கேயே உட்கார்ந்துவிட்டாள். அவள் பிரித்திருப்பது பெரெல்மானின் 'பொழுதுபோக்கு பௌதிகம்'. சோவியத் நாட்டிலிருந்து தமிழிலேயே அச்சாகிக் கப்பலேறி வந்த நூல்களில் ஒன்று. 1991க்குப் பிறகு அந்த வரத்தே நின்றுபோயிற்று. படங்களைப் பார்த்துச் சிரித்துக்கொள்கிறாள்.

"சாமி புஸ்தகமா பாத்து எடு கண்ணு."

"பாட்டி, இது நல்லா இருக்கு."

கடைக்காரர் வாங்கி ஏந்துகிறார். "கணக்கு புக்கு மாதிரி கீதும்மா. முப்பது குடு." பாட்டி சுருக்குப்பையை அவிழ்த்து இருபதை நீட்டுகிறாள். பேரம் முடிந்தது. அட்டை தனியே கழன்று வருகிறது. பேத்தி அதை உள்ளே செருகிக்கொள்கிறாள். நாலு எட்டுத் தள்ளி ரமணாசிரமம். கிழிந்த புத்தகங்களைத் தம் கையாலேயே தைத்து அட்டை போட்டவர் ரமணர். அந்த வேலைக்கு இந்தத் தார்ப்பாயில் ஆள் இல்லை.

பெரியவர் கலைக்களஞ்சியத்தோடு எழுகிறார். ஐம்பது ரூபாய். முட்டியைத் தேய்த்துக்கொண்டு நாலடி வைத்திருப்பார். மூன்று சக்கர வண்டி ஒன்று வந்து நிற்கிறது. சாக்கு மூட்டை பொத்தென்று விழுகிறது.

"எந்த வீட்டதுப்பா?"

"போளூர் பக்கம். பழைய வீட்ட இடிக்கிறாங்களாம். இன்னும் கட்டே அவுக்கல சார்."

"அவுருப்பா, பாப்போம்." துண்டை விரித்து மறுபடி உட்காருகிறார்.