கிதார்க்காரனுக்கு எத்தனை கை?

எங்கள் வாழவந்தி கிதாருக்கு ஆகாத ஊர். மழைக்காலத்தில் பனிமூட்டம் வீட்டுக்குள்ளேயே வந்துவிடும். கம்பி துருப்பிடிக்கும், மரம் ஈரம் குடித்து உப்பும், சுருதி ராத்திரியோடு ராத்திரியாக இறங்கிப்போகும். அப்படியும் இளவயதில் நான் விடவில்லை. 1982-இல் ‘பயணங்கள் முடிவதில்லை’ படம் வந்தது. ‘இளைய நிலா’ பாட்டில் சந்திரசேகர் வாசித்த கிதாரைக் கேட்டுவிட்டுத் தூக்கம் போயிற்று. எனக்கு வந்தது அதன் ஆரம்பத் துணுக்கு மட்டும்தான். அதை வைத்தே பல கல்யாண வீடுகளில் வித்வானாக உலா வந்தேன்.

பேரன் கிதாரைத் தொடுவதில்லை. காபிச் செடிகளைப் பார்த்த அறையில் ஒரு லேப்டாப், சின்ன கீபோர்டு, ஹெட்போன், அவ்வளவுதான். வீட்டிலேயே பாட்டு செய்வதைக் குறை சொல்லவும் முடியாது. கோடம்பாக்கத்தில் வீட்டோடு அமைத்த ஸ்டுடியோவில்தானே ரகுமான் 1992-இல் ‘ரோஜா’ பாட்டுகளை உருவாக்கினார்.

“கிதார் எங்கேடா?” என்றால் கம்ப்யூட்டருக்குள் இருக்கிறதாம். யாரோ ஒருவர் ஒவ்வொரு கம்பியிலும் ஒவ்வொரு ஃப்ரெட்டிலும் மெதுவாக, ஓங்கி, உள்ளங்கையால் அமுக்கி என்று தனித்தனியாக மீட்டிப் பதிந்து கொடுத்திருக்கிறார். அதுதான் சாம்பிள். மிஷின் வாசிக்கிறது என்று நினைத்தால் உள்ளே ஓர் ஆள் உட்கார்ந்திருக்கிறார்! எனக்கு அது பிடித்துப்போயிற்று.

ஒருநாள் ஹெட்போனை மாட்டிவிட்டான். ஒலி சுத்தமாக இருந்தது. ஆனால் ஏதோ உறுத்தியது.

“ஏஞ்சாமி, உன் கிதார்க்காரனுக்கு எத்தனை கை?”

முழித்தான். கிதாரில் ஆறு கம்பி, ஒரு நேரத்தில் ஆறு ஸ்வரத்துக்கு மேல் பேசாது. இவன் எட்டு வைத்திருந்தான். கீபோர்டில் கார்டை அமுக்கினால் எல்லா ஸ்வரமும் ஒன்றாக விழும். கிதாரில் கை கீழே இறங்கும்போது தடித்த கம்பியில் தொடங்கி ஒன்றன்பின் ஒன்றாகச் சரியும். மேலே ஏறும்போது பெரும்பாலும் மெல்லிய மூன்று நாலு கம்பிதான் படும். அடுத்த கார்டுக்கு இடது கை பெயர்ந்து போகவும் துளி நேரம் வேண்டும்.

பழைய கிதாரை இறக்கி வாசித்துக் காட்டினேன். அவன் என் கையையே பார்த்தான். பிறகு ஸ்வரங்களை மவுஸால் பிடித்துச் சில மில்லி செகண்ட் தள்ளித் தள்ளி வைத்தான். தட்டலின் வேகத்துக்கு, கீபோர்டும் கம்ப்யூட்டரும் பேசிக்கொள்ளும் மிடி கணக்கில் 127 வரை எண் உண்டு. எல்லாம் 100 என்று விறைத்து நின்றதை 92, 71 என்று கலைத்தான். ஒரே சாம்பிள் திரும்பத் திரும்ப வந்தால் தையல் மிஷின் மாதிரி தடதடக்கும். அதற்காக ஒரு ஸ்வரத்துக்குப் பல பதிவுகளை மாற்றி மாற்றி ஒலிக்கவிடும் வசதி இருக்கிறது. கம்ப்யூட்டர் திணறுகிறது என்று அதை அணைத்து வைத்திருந்தானாம்.

வேடிக்கை என்னவென்றால், நாங்கள் கார்ட் மாற்றும்போது விரல் கம்பியில் உரசிக் கீச்சிடுவதை மறைக்கப் படாத பாடு பட்டோம். இப்போது அந்தக் கீச்சொலியும் தனி சாம்பிளாகக் கிடைக்கிறது. வேண்டிய இடத்தில் தூவிக்கொள்ளலாமாம். நாங்கள் அப்பியாசத்தால் போக்கிக்கொண்ட குறைகளை இவன் பொறுமையாக ஒவ்வொன்றாகத் திரும்பச் சேர்க்கிறான். அதற்கும் அப்பியாசம் வேண்டித்தான் இருக்கிறது.

ஓர் இடம் மட்டும் இன்னும் படியவில்லை. ஒரு கம்பியை வளைத்து இழுக்கும்போது மற்றவை அசையாமல் நிற்க வேண்டும். கீபோர்டின் சக்கரத்தைத் திருப்பினால் எல்லா ஸ்வரமும் சேர்ந்தே வளைகின்றன. கம்பிக்கு ஒரு சேனல் என்று ஆறு சேனல் பிரித்தால் சரியாகும் என்கிறான். கிதாரைக் கையில் எடுத்தால் அரை நிமிஷ வேலை என்கிறேன். இருவரும் விட்டுக்கொடுப்பதாக இல்லை.