தாத்தாவின் 20 தோட்டாக்கள்

2024 அக்டோபர் 1. காலை ஷிஃப்ட். சிஸ்டத்தை ஆன் செய்து டீயைக்கூட வாயில் வைக்கவில்லை, இந்தி நடிகர் கோவிந்தாவின் காலில் குண்டு பாய்ந்துவிட்டதாக அலர்ட் வந்தது. கொல்கத்தாவுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தவர், லைசென்ஸ் வாங்கி வைத்திருந்த தன் ரிவால்வரை அலமாரியில் வைக்கும்போது அது கைதவறிக் கீழே விழுந்து வெடித்திருக்கிறது. நல்லவேளை, உயிருக்கு ஆபத்தில்லை.

செய்தியைப் போட்டு முடித்ததும் எடிட்டர் என் டேபிளுக்கு வந்தார். "லைசென்ஸ் துப்பாக்கியை வீட்டுல எப்படிப் பராமரிக்கணும்னு ஒரு எக்ஸ்ப்ளெய்னர் போடலாம். உங்க தாத்தாகிட்ட ஒண்ணு இருக்குன்னு சொன்னியே?"

இருந்தது. வேலூர் பக்கம் எங்கள் ஊர். பட்டாளத்துக்கு ஆள் அனுப்பாத வீடு எங்கள் தெருவில் குறைவு. தாத்தா 21 வருஷம் ராணுவத்தில் இருந்து ஹவில்தாராக ஓய்வுபெற்று வந்தவர். பிறகு ஒரு தோல் தொழிற்சாலையில் செக்யூரிட்டி வேலை. சனிக்கிழமைதோறும் பேங்க்கிலிருந்து கூலிப் பணத்தை எடுத்துக்கொண்டு வேனில் வர வேண்டும். அதற்காக 1997-ல் லைசென்ஸ் வாங்கினார். கான்பூரில் அரசுத் தொழிற்சாலை தயாரித்த .32 ரிவால்வர். வேலையை விட்டு வருஷக்கணக்கானாலும் அது வீட்டிலேயே இருந்தது. யாரையும் அவர் சுட்டதில்லை. வீட்டில் அது வெளியே வந்தது ஆயுத பூஜைக்கும் தேர்தலுக்கும்தான். தேர்தல் அறிவிப்பு வந்ததும் போலீஸ் ஸ்டேஷனில் ஒப்படைத்துவிட்டு, முடிவு வந்த பிறகு ரசீதைக் காட்டித் திரும்ப வாங்கி வருவார். "தெனம் எலெக்‌ஷன் வந்தா நான் நிம்மதியா தூங்குவேன்" என்பது ஆயாவின் பழைய வசனம்.

தாத்தாவுக்கு போன் போட்டேன். "தானா வெடிச்சிடுச்சுன்னு சொல்றாங்களே, அப்படி வெடிக்குமா தாத்தா?"

"உள்ள தோட்டா இல்லாத துப்பாக்கி எத்தினி தடவை விழுந்தாலும் வெடிக்காது கண்ணு" என்றார். பிறகு கொஞ்சம் யோசித்து, "பழைய மாடல் சிலதுல ஹேமருக்கும் தோட்டாவுக்கும் நடுவுல தடுப்பு இருக்காது. ஹேமர் மேல அடிபட்ற மாதிரி விழுந்தா வெடிச்சிடும். அதனாலதான் அந்தக் காலத்து ஆளுங்க ஆறு ஓட்டைல அஞ்சுதான் போட்டு வெப்பாங்க. ஹேமருக்கு நேரா இருக்கறது காலியா இருக்கும்" என்றார்.

முக்கால் மணி நேரம் பேசினார். அவர் அவ்வளவு பேசி நான் கேட்டதே இல்லை. சுத்தம் செய்வதில் முதல் வேலை, துப்பாக்கியைத் தொடுவது அல்ல. தோட்டாக்களை எண்ணி வேறு அறைக்கு அனுப்புவது. எங்கள் வீட்டில் அந்த டப்பா ஆயாவிடம் சமையலறைக்குப் போகும். இரண்டாவது, திறந்து பார்ப்பது. அவருடையது நடுவில் மடித்துத் திறக்கிற ரகம். மேலே இருக்கும் பிடியைத் தள்ளிக் குழலைக் கீழே மடக்கினால் சிலிண்டரின் ஆறு ஓட்டைகளும் தெரியும். கண்ணால் பார்ப்பதோடு சுண்டு விரலால் ஒவ்வொன்றையும் தடவிப் பார்க்க வேண்டும். பிறகு பக்கத்தில் இருக்கிறவரிடம் காட்ட வேண்டும். ராணுவத்தில் இதற்கென்றே 'ஜாஞ்ச் சஸ்த்ர்' என்று ஓர் ஆர்டர் உண்டாம். ஹவில்தாரோ கர்னலோ, எல்லோரும் காட்டித்தான் ஆக வேண்டும்.

"பிஸ்டலா இருந்தா?"

"அதுலதான் நெறைய பேர் ஏமாறுவாங்க. மொதல்ல மேகசினை உருவணும். அப்புறம்தான் ஸ்லைடை இழுத்துப் பாக்கணும். மாத்திச் செஞ்சா, இழுக்கும்போது வெளிய வர்றது ஒரு தோட்டா, மேகசின்லேருந்து உள்ள போறது இன்னொண்ணு. கைல மேகசினை வெச்சிக்கிட்டு காலின்னு நெனச்சிக்குவான்." சில பிஸ்டல்களைப் பிரிப்பதற்கே முதலில் டிரிகரை ஒருமுறை அழுத்தியாக வேண்டும் என்பதை நானே தேடித் தெரிந்துகொண்டேன். அதைப் படித்தபோது அவர் சொன்ன வரிசை இன்னும் நன்றாகப் புரிந்தது.

பிரிக்கும்போது பாகங்களைக் கழற்றுகிற வரிசையிலேயே இடமிருந்து வலமாக வெள்ளைத் துணியில் அடுக்க வேண்டும்; பூட்டும்போது வலமிருந்து ஆரம்பிக்க வேண்டும். பட்டாளத்தில் இதற்குப் பெயர் 'கோல்னா ஜோட்னா', அதாவது பிரிக்கிறதும் பூட்டுறதும். ரைஃபிளைக் கண்ணை மூடிக்கொண்டு பிரிப்பேன் என்பார் தாத்தா. ஆனால் தன் ரிவால்வரில் அவர் கழற்றியதெல்லாம் ஒரே ஒரு திருகாணிதான். கைப்பிடித் தகடுகளை எடுத்து, அடியில் வியர்வை பட்டுத் துரு பிடித்திருக்கிறதா என்று பார்ப்பார். பக்கவாட்டு மூடியைத் தொடவே மாட்டார். உள்ளே ஸ்பிரிங் இருக்கிறது. அதெல்லாம் லைசென்ஸ் வைத்திருக்கும் ரிப்பேர்காரரின் வேலை. "தெரியாத ஸ்க்ரூவைத் திருப்பாத. திருப்பிட்டா மறுபடியும் அது பழைய எடத்துக்கு வராது."

எண்ணெய் பற்றிச் சொன்னதை எக்ஸ்ப்ளெய்னரில் போட இடமில்லை, இங்கே போட்டுவிடுகிறேன். குழலுக்குள் முதலில் பிரஷ், பிறகு துண்டுத்துணி, கறுப்பு வருவது நிற்கும்வரை. கம்பி குழலின் வாயில் உரசக் கூடாது. அந்த விளிம்பு தேய்ந்தால் குறி மாறும். கடைசியில் மெல்லிய எண்ணெய் ஒரு சொட்டு. அதிகமானால் தூசியைப் பிடித்துக்கொண்டு களிம்பாகிவிடும், தோட்டாவில் கசிந்தால் அது வெடிக்காமலே போகலாம். தேங்காய் எண்ணெய் கூடவே கூடாது, பிசினாகும். தோல் உறையிலேயே போட்டு வைக்கவும் கூடாது. "தோலு தண்ணியைக் குடிச்சி வெச்சிக்கும். பதனிட்ட உப்பு, ஆசிட்டு எல்லாம் அதுல இருக்கும். எட்டு மாசத்துல இரும்பைத் தின்னுடும்" என்று தோல் தொழிற்சாலையில் வேலை பார்த்தவர் சொன்னால் நம்பித்தானே ஆக வேண்டும். எல்லாம் முடிந்து சோப்பு போட்டுக் கை கழுவ வேண்டும், கறுப்பில் ஈயம் இருக்கிறது.

ஏழு பாயின்ட்டுகளாக எழுதி ஏற்றினேன். அந்த வாரம் எங்கள் டெஸ்க்கில் அதிகம் படிக்கப்பட்டவற்றில் அதுவும் ஒன்று. தாத்தாவுக்கு லிங்க் அனுப்பினேன். கைகூப்பும் படம் ஒன்று பதிலாக வந்தது.

பத்து நாள் கழித்து, அக்டோபர் 11, ஆயுத பூஜை. முந்தின நாளே பஸ் ஏறி ஊருக்குப் போயிருந்தேன். அக்காவும் நாலு வயசு மகனோடு வந்திருந்தாள். காலையில் நான் பல் தேய்த்துக்கொண்டே பின்பக்கம் போனபோது, தாத்தா வழக்கமான மரப் பலகையில் பேப்பர் விரித்து உட்கார்ந்திருந்தார். பிரஷ், துணி, எண்ணெய்ப் புட்டி எல்லாம் இருந்தன. ரிவால்வர் மடியில். வெளிப்புறத்தைத் துணியால் தேய்த்துக்கொண்டிருந்தார். அது மூடியே இருந்தது. தோட்டா டப்பா அவர் முழங்காலுக்குப் பக்கத்தில் இருந்தது.

நுரையோடு கேட்டேன். "தெறந்து பாத்துட்டீங்களா தாத்தா?"

"பாத்தேனே."

"எப்ப?"

பதில் வரவில்லை. தேய்த்துக்கொண்டிருந்த கை நின்றது. என்னைப் பார்த்தார், பிறகு மடியைப் பார்த்தார். பாடம் மறந்துபோன பிள்ளையின் முகம் அது. மெதுவாகக் குழலைச் சுவர்ப் பக்கம் திருப்பி, பிடியைத் தள்ளித் திறந்தார். ஆறும் காலி. சுண்டு விரலால் தடவினார். என்னிடம் நீட்டினார். நானும் தடவினேன். காலிதான்.

மூச்சு வந்தது. "டப்பாவை எண்ணு கண்ணு" என்றார். எண்ணினேன். பத்தொன்பது. மறுபடி எண்ணினேன். பத்தொன்பதுதான். என் நினைவு தெரிந்த நாளிலிருந்து அந்த டப்பாவில் 20. ஒவ்வொரு வருஷமும் சத்தமாக எண்ணி, அதையே கடைசி வேலையாக நோட்டில் எழுதி வைப்பவர் அவர்.

அப்புறம் இரண்டு மணி நேரம் வீட்டைத் தலைகீழாக்கினோம். பூஜைக்குப் பறித்த பூ வாடியது. பீரோ, சட்டைப் பைகள், ஸ்டேஷனிலிருந்து வாங்கி வந்த பை, கட்டிலுக்கடி. அக்கா பையனைத் தூக்கி இடுப்பில் வைத்தவள் இறக்கவே இல்லை. அவன் வாயைத் திறந்து பார்த்தாள், விரல்களைப் பிரித்துப் பார்த்தாள். யாரும் யாரையும் எதுவும் சொல்லவில்லை. அதுதான் பயமாக இருந்தது.

ஆயாதான் கண்டுபிடித்தார். தாத்தாவின் பழைய கண்ணாடிக் கூடு. கட்டிலுக்குப் பக்கத்து ஸ்டூலின் கீழ்த்தட்டில் கிடந்தது. முந்தின நாள் சாயங்காலம் அந்தக் கூட்டை டப் டப்பென்று திறந்து மூடி அந்தப் பையன் விளையாடியதை நானே மொபைலில் வீடியோ எடுத்திருந்தேன். உள்ளே இருந்த துணியில் சுருட்டி வைத்திருந்தது அந்த இருபதாவது. அவன் துணியை மட்டும் பிரிக்கவில்லை.

பார்த்ததும் தாத்தாவுக்கு ஞாபகம் வந்துவிட்டது. ஜூன் மாசம் தேர்தல் முடிந்து ஸ்டேஷனிலிருந்து வாங்கி வந்தபோது அந்த ஒரு தோட்டாவின் பித்தளையில் பச்சை பூத்திருந்ததாம். கடைக்காரரிடம் காட்டலாம் என்று தனியாக எடுத்து வைத்திருக்கிறார். நோட்டைப் பிரித்தோம். ஜூனில் ஒன்றும் எழுதவில்லை.

பூஜை எப்படியோ முடிந்தது. ரிவால்வரைச் சாமி முன் வைக்கவில்லை; பீரோவில் வைத்துப் பூட்டிச் சாவியை ஆயாவிடம் கொடுத்தார். ராத்திரி சாப்பிடும்போது அப்பா ஆரம்பித்தார். "எனக்கு வேணாம்பா. எனக்கு அதைப் பாத்தாலே கை நடுங்குது."

நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். எக்ஸ்ப்ளெய்னருக்காகப் படித்ததெல்லாம் மண்டையில் இருந்தது. 70 வயசைத் தாண்டியவரோ, 25 வருஷம் வைத்திருந்தவரோ தன் வாரிசின் பெயரில் லைசென்ஸ் கேட்டு விண்ணப்பிக்க 2016-ம் வருஷத்து ஆயுத விதிகளில் வழி இருக்கிறது. பாதுகாப்பாக வைப்பதற்கு உறுதிமொழி கொடுக்க வேண்டும், பயிற்சி முடித்திருக்க வேண்டும் என்று சொல்லிக்கொண்டே போனேன். தாத்தாவுக்கு அப்போது 78.

"உனக்கு வேணுமா?" என்றார்.

ஒரு நொடி வேண்டும் என்றுதான் தோன்றியது, பொய் சொல்ல விரும்பவில்லை. துப்பாக்கிமேல் ஆசையில்லை. வருஷத்துக்கு ஒருநாள் அந்தப் பலகையில் அவரோடு உட்கார்ந்து எண்ணுவதுமேல் ஆசை. ஆனால் சென்னையில் நான் இருப்பது மூன்று பேர் பகிர்ந்துகொள்ளும் ஹாஸ்டல் அறை. என் அலமாரியின் பூட்டு ஹேர்பின்னுக்கே திறக்கும்.

"வேணாம் தாத்தா."

"செரி" என்று மோரை ஊற்றிக்கொண்டார்.

திங்கட்கிழமை கூடப் போனேன். ஸ்டேஷனில் ரிவால்வரையும் 20 தோட்டாக்களையும் ஒப்படைத்தோம். லைசென்ஸைத் திரும்பக் கொடுப்பதாகக் கலெக்டருக்கு மனு. எஸ்.ஐ. அவரை 'சார்' என்றுதான் கூப்பிட்டார். "எலெக்‌ஷன்கூட இல்லையே சார், என்ன திடீர்னு?" என்றார்.

"கணக்கு தப்பிடுச்சு சார்" என்றார் தாத்தா. வேறெதுவும் விளக்கவில்லை. தோட்டாக்களை அவரே மேஜையில் நாலு வரிசையாக, வரிசைக்கு ஐந்து என்று அடுக்கி எண்ணிக் காட்டினார். வெளியே வந்து டீக்கடையில் நின்றபோது, சர்க்கரை வியாதியை மறந்து இனிப்பாக ஒரு டீ கேட்டார். நான் தடுக்கவில்லை.

அடுத்த வருஷம் ஆயுத பூஜை அக்டோபர் 1-ம் தேதியே வந்தது. ஷிஃப்ட் மாற்றிக்கொண்டு ஊருக்குப் போனேன். பின்பக்கம் அதே பலகை, அதே பேப்பர். நடுவில் ஆயாவின் தையல் மெஷினை இழுத்து வைத்திருந்தார். மீதமிருந்த அந்தத் துப்பாக்கி எண்ணெய் மெஷினுக்குப் போய்க்கொண்டிருந்தது. ஒவ்வொரு துளையிலும் ஒரு சொட்டு, அதற்குமேல் விடவில்லை.

"வா கண்ணு" என்றார். "ஊசியைக் கழட்டிட்டேன்னு நெனைக்கிறேன். நீயும் ஒருதரம் பாத்துடு."